தேத்தண்ணிக்கு ஒரு தனிக் குடம்

எங்கள் வீட்டு அடுப்படியில் எப்போதும் மூன்று குடங்கள் இருக்கும். முதல் பிளாஸ்டிக் குடத்தில் கிணற்று உப்புத்தண்ணி, பாத்திரம் விளக்கவும் கால் கழுவவும். இரண்டாவது குடம் சோறு வடிக்க, குழம்பு வைக்க, குடிக்க. மூன்றாவது ஒரு சின்னப் பித்தளைக் குடம். வாயை வெள்ளைத் துணியால் மூடி மூலையில் தனியாக உட்கார்ந்திருக்கும். விளையாடிவிட்டுத் தாகத்தோடு ஓடிவந்து அதில் செம்பை விட்டால், அம்மா வாசலில் இருந்தே சத்தம் போடுவாள்: "அது தேத்தண்ணிக் கொடம்டி! அந்தப் பெரிய கொடத்துல மோந்து குடி."

கோயம்புத்தூரில் 9 வருஷம் வேலை பார்த்தேன். மசாலா டீ போடப் பழகியது அங்கேதான். சிறுவாணித் தண்ணி, பச்சைப் பாக்கெட் பால், கடையில் கிடைத்த தூள். எப்படிப் போட்டாலும் நிறமும் மணமும் கூடி வந்தன. எல்லாம் என் கைப்பக்குவம் என்றே இருந்தேன். அம்மாவுக்கு முழங்கால் முடியாமல் போனதும் வேலையை விட்டு மண்டபத்துக்குத் திரும்பினேன். வந்த மறுநாள் சாயங்காலம் அம்மாவுக்கு என் டீயைப் போட்டுக் கொடுக்க ஆசை. அதே தூள், அதே பால், கோயம்புத்தூர் சம்படத்தில் இருந்த அதே ஏலக்காய். வந்தது வேறு ஏதோ ஒன்று. சாம்பல் கலந்த பழுப்பில், மேலே எண்ணெய் மாதிரி ஒரு படலம் மினுங்கியது. நாக்கில் மண் அப்பின மாதிரி ஒரு மந்தம். அம்மா ஒரு மிடறு குடித்தாள். டம்ளரைக் கீழே வைத்துவிட்டுக் கேட்டது ஒரே ஒரு கேள்வி.

"எந்தக் கொடத்துல மோந்த?"

குழாய்த் தண்ணி வராத நாள் அது. பெரிய குடத்தில் கிணற்றுத் தண்ணியைக் கலந்து வைத்திருந்தாள். நான் அதில்தான் மோந்திருக்கிறேன்.

மண்டபம் எப்படிப்பட்ட இடம் என்று தெரிந்தால் இந்தக் கேள்வியின் கனம் புரியும். வடக்கே பாக் நீரிணைப் பக்கத்துக் கடல், தெற்கே மன்னார் வளைகுடா, நடுவில் ஒடுங்கிய மணல் வரப்பு. ஒரு கடற்கரையில் இருந்து அடுத்த கடற்கரைக்கு நடந்தே போய்விடலாம். இந்த மணலுக்கு அடியில் கிடப்பது உப்பு நீர். மேலே பெய்கிற மழைத்தண்ணி மணல் வழியே இறங்கி, உப்புத் தண்ணியைவிட லேசானது என்பதால் அதன்மேல் மிதந்து நிற்கும். அந்த மேல் ஏட்டை மட்டும் பதமாக எடுக்கத் தெரிய வேண்டும். ஆழமாகத் தோண்டினாலோ, அவசரப்பட்டு இறைத்தாலோ கீழே கிடக்கிற உப்பு மேலே ஏறிவிடும். அதனால்தான் எங்கள் பெண்கள் ஊற்றைக் கையாலேயே தோண்டுவார்கள். மணலில் முழங்கை ஆழத்துக்குப் பள்ளம் பறித்து, சுரக்கிறவரை உட்கார்ந்திருந்து, கொட்டாங்கச்சியால் மோந்து மோந்து குடத்தில் ஊற்றுவார்கள். ஒரு குடம் நிறைய அரை மணி நேரம்கூட ஆகும். தனுஷ்கோடியில் கடலுக்குப் பத்தடி தள்ளி ஊற்றுத் தண்ணி குடித்துவிட்டு ஆச்சரியப்படுகிற யாத்திரைக்காரர்களை இப்போதும் பார்க்கலாம். அம்மாவின் சின்னக் குடத்துக்குள் இருந்தது அந்தத் தண்ணி.

உப்பும் சுண்ணாம்பும் ஏறிய தண்ணி டீயை என்ன செய்கிறது? தேயிலையின் நிறமும் துவர்ப்பும் பாலிபீனால்களால் வருபவை. கடினத் தண்ணியில் இருக்கும் கால்சியமும் பைகார்பனேட்டும் அவற்றோடு சேர்ந்து மேலே படலமாக மிதக்கும். சாறு கலங்கிக் கறுக்கும். செம்மை வராது. மசாலாவை இரண்டு பங்கு போட்டாலும் மணம் எழும்பாது. வேறு வழியே இல்லாமல் கடினத் தண்ணியில்தான் போட வேண்டும் என்றால், முதல் நாளே பத்து நிமிஷம் நன்றாகக் கொதிக்கவிட்டு, ஆறவைத்து, அடியில் படிந்த வெள்ளைப் பொடி கலங்காமல் மேல்தண்ணியை மட்டும் இறுத்துக்கொள்ளுங்கள். சுண்ணாம்பில் ஒரு பங்கு குறையும். உப்பு குறையாது. இன்று எங்கள் தெருவில் காவிரிக் கூட்டுக் குடிநீர் வருகிறது. வராத நாளில் தள்ளுவண்டியில் குடம் வரும், கேன் தண்ணியும் கிடைக்கும். என்றாலும் டீக்கென்று ஒரு சின்னக் குடத்தை நானும் தனியாக வைத்துவிட்டேன்.

அம்மா கடல்பாசி எடுக்கப் போனவள். 30 வருஷத்துக்கு மேல். அமாவாசை, பௌர்ணமியை ஒட்டிய நாட்களில் கடல் நன்றாக வற்றும். அந்த நாட்கள்தான் தோது. விடிவதற்கு முன் வள்ளத்தில் ஏறித் தீவுப் பக்கம் போய்விடுவார்கள். தூத்துக்குடி வரைக்கும் சிதறிக் கிடக்கும் 21 தீவுகளில், மண்டபத்துக்கு எதிரே இருப்பவற்றைச் சுற்றித்தான் அவர்கள் வேலை. கண்ணாடி மாட்டி, விரல்களில் துணி சுற்றி, இடுப்பில் வலைப்பை கட்டி, மூச்சைப் பிடித்து முங்கிப் பாறையில் ஒட்டியிருக்கும் மரிக்கொழுந்துப் பாசியைப் பிய்த்து எடுக்க வேண்டும். துணி சுற்றினாலும் விரல் கிழியும். மேலே வெயில் மண்டையைப் பிளக்கும், உள்ளே உடம்பு குளிரில் நடுங்கும். கடல்தண்ணி எவ்வளவு வெதுவெதுப்பாக இருந்தாலும் உடம்புச் சூட்டைவிடக் குறைவுதான். ஐந்தாறு மணி நேரம் அதிலேயே கிடந்தால் சூட்டையெல்லாம் உறிஞ்சிவிடும். மத்தியானம் திரும்பும்போது அம்மாவின் உதடு வெளுத்து, விரல் நுனியெல்லாம் சுருங்கியிருக்கும். குளித்துவிட்டு நேரே அடுப்படிக்கு வந்து சின்னக் குடத்தைச் சாய்ப்பாள்.

அந்த டீ நாக்குக்காகப் போட்டதில்லை. விறைத்த உடம்புக்குள் சூட்டை இறக்கப் போட்டது. என் கோயம்புத்தூர் டீயில் ஏலக்காய் முன்னே நிற்கும். அம்மாவின் டீயில் முன்னே நிற்பது சுக்கு.

இஞ்சி ஏன் இல்லை என்று ஒருநாள் கேட்டேன். "இஞ்சி வாங்கிப் போட்டா ரெண்டு நாள்ல சுருங்கிப் போகுது. சுக்கு கெடந்தபடி கெடக்கும். ஒறைப்பும் அதுலதானே?" என்றாள். சரியாகத்தான் சொன்னாள். இஞ்சியின் காரம் ஜிஞ்சரால். அது காயும்போது ஷோகாலாக மாறுகிறது, ஷோகால் அதைவிடக் காரம். இன்னொரு காரணமும் உண்டு. பச்சை இஞ்சியில் பாலைத் திரிய வைக்கும் ஒரு நொதி இருக்கிறது. வெதுவெதுப்பான பாலில் பச்சை இஞ்சிச் சாற்றை விட்டால் தயிர் மாதிரி உறைந்துவிடும். இஞ்சி டீ போடுகிறவர்கள், இஞ்சியை முதலில் தண்ணியில் போட்டு நன்றாகக் கொதிக்கவிட்ட பிறகே பாலை ஊற்ற வேண்டும். கொதியில் அந்த நொதி செத்துவிடும். "இஞ்சி போட்டேன், பால் திரிஞ்சுபோச்சு, பாலு சரியில்ல" என்று பால்காரரோடு சண்டைக்குப் போனவர்களை எனக்குத் தெரியும். பாலின் மேல் தப்பில்லை.

சுக்கை மேல்தோல் சுரண்டி, இடிகல்லில் ஒன்றிரண்டாகத் தட்ட வேண்டும். மாவாக்கினால் டீ கலங்கி அடியில் சகதி கட்டும். மிளகும் அப்படித்தான், நாலே மிளகு, உடைந்தால் போதும். மிளகின் காரம் தண்ணியில் அதிகம் இறங்காது, கொழுப்பில்தான் இறங்கும். பால் சேர்ந்த பிறகுதான் அது தொண்டையில் தெரியும். கிராம்பு இரண்டுக்கு மேல் கூடவே கூடாது. மூன்றாவது கிராம்பு விழுந்தால் டீ பல்வலி மருந்தாக மாறிவிடும். இது என் கருத்து என்றாலும் இதில் நான் விட்டுக்கொடுக்க மாட்டேன்.

அப்புறம் பட்டை. அம்மா இதைக் கறுவா என்றுதான் சொல்வாள். மண்டபத்தில் பிறந்த அம்மாவுக்கு அந்தச் சொல் அவளுடைய மாமியாரிடம் இருந்து வந்தது. தேத்தண்ணி என்ற சொல்லும் அப்படித்தான்.

என் அப்பத்தா பிறந்தது இலங்கையின் கண்டிச் சீமையில், ஒரு தேயிலைத் தோட்டத்து லயத்தில், அதாவது கூலிக்காரர்களின் வரிசை வீட்டில். அவளுடைய பாட்டன் காலத்தில் இந்த ராமநாதபுரம் சீமையில் இருந்து பஞ்சம் பிழைக்கப் போன குடும்பம். அந்தக் காலத்தில் தொண்டியிலும் தேவிபட்டினத்திலும் பாம்பனிலும் தோணி ஏறி, மன்னார்ப் பக்கம் இறங்கி, காட்டு வழியே மாத்தளை வரைக்கும் நடந்தே போனார்கள். வழியிலேயே காய்ச்சலிலும் வாந்திபேதியிலும் விழுந்தவர்கள் எத்தனையோ பேர். முதலில் போனது காப்பித் தோட்டத்துக்கு. 1867இல் ஜேம்ஸ் டெய்லர் கண்டிக்குப் பக்கத்தில் லூல்கந்துரத் தோட்டத்தில் 19 ஏக்கரில் தேயிலை நட்டார். 1869இல் காப்பிச் செடியில் இலைத்துரு நோய் தென்பட்டு, அடுத்த சில வருஷங்களில் மலை மலையாகக் காப்பி அழிந்தது. அந்த இடத்தையெல்லாம் தேயிலை பிடித்தது. 1914இல் பாம்பன் பாலத்தில் ரயில் ஓடி, தனுஷ்கோடியில் இருந்து தலைமன்னாருக்குக் கப்பல் விட்டார்கள். தோட்டத்துக்குப் போகிறவர்களை மண்டபம் முகாமில் சில நாள் நிறுத்தி, அம்மை குத்தி, நோய் இல்லை என்று பார்த்த பிறகே ஏற்றினார்கள்.

அதே முகாமுக்குத்தான் அப்பத்தா திரும்பி வந்தாள். 1964 அக்டோபரில் இலங்கைப் பிரதமர் சிறிமாவும் நம் பிரதமர் சாஸ்திரியும் கையெழுத்துப் போட்ட ஒப்பந்தத்தில், அங்கிருந்த இந்திய வம்சாவளி மக்களில் 5,25,000 பேரை இந்தியா எடுத்துக்கொள்வதாக முடிவானது. அப்பத்தா அந்தக் கணக்கில் ஒருத்தி. அந்த வருஷம் டிசம்பரில் அடித்த புயல் தனுஷ்கோடியைக் கொண்டுபோய்விட்டதால், தலைமன்னார்க் கப்பல் பிறகு ராமேஸ்வரத்துக்கு வந்தது. 1971இல் அப்பாவைப் பத்து வயசுப் பையனாகக் கையில் பிடித்துக்கொண்டு அந்தக் கப்பலில் வந்திறங்கினாள். ஒரு தகரப் பெட்டி, ஒரு தையல் மிஷின், ஒரு துணி மூட்டை. மூட்டைக்குள்ளே ஒரு பொட்டலம் கறுவா. கூட வந்தவர்களை நீலகிரிக்கும் மற்ற இடங்களுக்கும் அனுப்பினார்கள். அப்பத்தாவுக்கு இங்கே சொந்தம் இருந்ததால் மண்டபத்திலேயே நின்றுவிட்டாள். தங்கச்சி கூடலூருக்குப் போனாள். தாயகம் திரும்பியவர்களுக்காகத் தமிழ்நாடு அரசு 1968இல் தொடங்கிய டான்டீ தோட்டத்தில், அங்கே கிள்ளிய அதே விரல்களால் இங்கேயும் கொழுந்து கிள்ளினாள்.

எங்கள் வீட்டுத் தூள் கூடலூரில் இருந்தே வரும். அந்தச் சின்ன அப்பத்தா ஒவ்வொரு பொங்கலுக்கும் யார் கையிலாவது கொடுத்துவிடுவாள். மஞ்சள் பையில், நூல் போட்டுக் கட்டிய இரண்டு கிலோ டஸ்ட். இன்று அவள் இல்லை, மகன் அனுப்புகிறார். எனக்குத் தூளில் ஒரே ஒரு பிடிவாதம்தான்: மசாலா டீக்கு டஸ்ட்தான் வேண்டும். இலைத் தேயிலை நல்லது, மணமானது, பால் இல்லாமல் குடிக்க அருமையானது. சுக்குக்கும் மிளகுக்கும் முன்னால் அதன் மெல்லிய மணம் தோற்றுப்போகும். பாலைத் தாண்டி, மசாலாவைத் தாண்டி எழுந்து நிற்க டஸ்ட்டின் அழுத்தம் தேவை.

கறுவா பற்றி ஒன்று சொல்லிவிடுகிறேன். கடையில் பட்டை என்று கேட்டால் பெரும்பாலும் கொடுப்பது காசியா. கெட்டியாக, மரப்பட்டை மாதிரி ஒற்றைச் சுருளாக இருக்கும். பிரியாணிக்குச் சரி. சிலோன் கறுவா தாள் தாளாக அடுக்கிச் சுருண்டிருக்கும், விரலால் நசுக்கினாலே நொறுங்கும், மணத்தில் காரம் குறைந்து இனிப்பு தெரியும். டீக்கு அதுதான். விலை கூடுதல்தான். ஒரு இணுக்கு போதும் என்பதால் நாள்பட வரும்.

பாலுக்கு வருகிறேன். ஆவினில் நீலப் பாக்கெட் 3 சதவீதம் கொழுப்பு, பச்சை 4.5, ஆரஞ்சு 6. நான் எடுப்பது பச்சை. நீலத்தில் போட்டால் சுக்கின் காரம் தனியாகக் குத்தும். ஆரஞ்சில் போட்டால் நாக்கில் ஆடை படிந்து மசாலா எல்லாம் தூரத்தில் கேட்கும் பாட்டு மாதிரி ஆகிவிடும். சின்ன வயதில் எங்கள் வீட்டில் பால் என்பதே ஆறு பேருக்கு அரை லிட்டர். அந்த அளவுக்குப் பழகிய டீ இது, அதனால் தண்ணி எப்போதும் பாலைவிடக் கூடுதல்.

நாலு டம்ளருக்கு நான் போடுவது இப்படி. சின்னக் குடத்தில் இருந்து 400 மில்லி தண்ணி. பச்சைத் தண்ணியிலேயே கட்டைவிரல் நுனியளவு சுக்கு, நாலு மிளகு, ஒரு விரற்கடை கறுவா. மூடிபோட்டு, கொதி வந்ததும் தீயைக் குறைத்து ஆறேழு நிமிஷம். மூடி முக்கியம், மணம் ஆவியோடு போய்விடக் கூடாது. வேர், பட்டை, விதை எல்லாம் கெட்டியான சாமான்கள், அவற்றுக்குப் பொறுமை வேண்டும். கடைசி இரண்டு நிமிஷத்தில் கிராம்பு. பிறகு தலைதட்டி நாலு டீஸ்பூன் டஸ்ட். இதற்கு இரண்டு நிமிஷம், ஒரு நொடி கூடினாலும் அம்மா எட்டிப் பார்ப்பாள். தூளைப் பாலில் நேராகப் போட்டுக் காய்ச்சுகிறவர்கள் இருக்கிறார்கள். பாலின் புரதம் தேயிலைச் சாற்றைப் பிடித்துக்கொள்வதால் தூள் எவ்வளவு போட்டாலும் சாறு முழுசாக இறங்காது. தண்ணியில் இறங்க வேண்டியது எல்லாம் இறங்கட்டும், அதற்கப்புறம்தான் பால்.

பக்கத்து அடுப்பில் 300 மில்லி பால் தனியாகக் காய்ந்து சூடாக இருக்கும். அதை ஊற்றியதும் தீயைக் கூட்டி ஒரு பொங்கு, இறக்கி, மறுபடி ஒரு பொங்கு. இந்த இரண்டாவது பொங்கில்தான் நிறம் திரும்பும். மழை பெய்த மறுநாள் செம்மண் ஓடையில் ஓடுகிற தண்ணியின் நிறம். அடுப்பை அணைத்த பிறகு, அணைத்த பிறகுதான், நாலு ஏலக்காயைத் தோலோடு நசுக்கிப் போட்டு மூடி ஒரு நிமிஷம். ஏலக்காயின் மணம் நிற்காது, ஓடிவிடும். முதலிலேயே போட்டுக் கொதிக்கவிட்டால் பக்கத்து வீட்டுக்குத்தான் மணக்கும். கோயம்புத்தூரில் 9 வருஷமும் நான் அதைத்தான் செய்திருக்கிறேன். எட்டு ஏலக்காய் போட்டும் பற்றவில்லையே என்று பத்துப் போட்டிருக்கிறேன்.

இனிப்பில்தான் எனக்கும் அம்மாவுக்கும் வெகுநாள் வழக்கு நடந்தது. சாயல்குடிப் பக்கம் பனை நிறைந்த ஊர்கள். கலயத்தின் உள்ளே சுண்ணாம்பு தடவிப் பதநீர் இறக்கி, காய்ச்சிக் கொட்டாங்கச்சியில் ஊற்றி எடுக்கும் கருப்பட்டி எங்கள் கடைத்தெருவில் கிடைக்கிறது. அதைவிட்டுச் சீனி போடுவானேன்? நான் கருப்பட்டியைத் தட்டி டீயிலேயே போட்டுக் கொதிக்கவிட்டேன். பால் திரிந்தது. இரண்டாம் முறை கருப்பட்டியைத் தனியாகக் கரைத்து, மண் போக வடிகட்டி, இறக்கிய பிறகு கலந்தேன். திரியவில்லை. கருப்பட்டியின் கனமான மணம் மற்ற எல்லாவற்றையும் மூடிவிட்டது. கறுவாவைக் காணோம், ஏலக்காயைக் காணோம். சுக்கும் கருப்பட்டியும் மட்டும் மல்லி இல்லாத சுக்குக் காப்பியாக நின்றன. மூன்றாம் முறை கருப்பட்டியைக் குறைத்தேன், இனிப்புப் பற்றவில்லை.

அம்மா இத்தனையையும் திண்ணையில் உட்கார்ந்து பார்த்துக்கொண்டுதான் இருந்தாள். "ஒங்க அப்பத்தா எப்புடிக் குடிச்சான்னு ஒனக்கு நெனவில்லையா?" என்றாள்.

நினைவு வந்தது. அப்பத்தா பாலே சேர்க்க மாட்டாள். லயத்தில் பழகிய வெறுந்தேத்தண்ணி. இடது உள்ளங்கையில் கருப்பட்டித் துண்டு, வலது கையில் டம்ளர். ஒரு கடி, ஒரு மிடறு. சீனியைக் கங்காணி எண்ணிக் கொடுத்த காலத்தில் பழகியது என்பாள். ஒரு சின்னத் துண்டு முழு டம்ளருக்கும் வரும். எனக்கும் ஒரு ஓரத்தைக் கடித்துக் கொடுப்பாள், அதில் தேயிலைத் துவர்ப்பு ஒட்டியிருக்கும்.

நேற்று வாடைக் காற்று வடகடலில் இருந்து வீட்டுக்குள் நுழைந்துகொண்டிருந்தது. இனிப்பே போடாமல் டீயை வடிகட்டி, இரண்டு ஆற்று ஆற்றி, அம்மாவிடம் கொடுத்தேன். தட்டில் இரண்டு துண்டு கருப்பட்டி. அம்மா ஒரு கடி கடித்து, ஒரு மிடறு குடித்து, வாயிலேயே கொஞ்ச நேரம் வைத்திருந்தாள். பாசி கிழித்த தழும்புகள் உள்ள விரல்களால் டம்ளரை முழுசாகச் சுற்றிப் பிடித்துக்கொண்டாள், கை பொறுக்காத சூடு.

"மொளகு ஒன்னு கூட்டலாம்" என்றாள். பிறகு, "கொடத்துல தண்ணி கெடக்கா?" என்று கேட்டாள்.

"இருக்குமா."

"அப்ப இன்னொரு டம்ளர் போடு தாயி."